சினிமாவுக்குப் போகணும் என்கிற மகள்: கொழிஞ்சாம்பாறை அப்பாவுக்கு ஒரு பதில்

ஐயா, "எழுதணும், டைரக்ட் பண்ணணும், நடிக்கவும் செய்யணும்னு பாப்பா நிக்கிறா, பிளஸ் டூ முடிஞ்சதும் எங்க சேர்க்கிறது?" என்று கேட்டிருந்தீர்கள்.

மூன்றையும் ஒருவரே செய்யலாம், ஆனால் வரிசை முக்கியம். பாக்யராஜ் 1977-இல் பாரதிராஜாவிடம் உதவி இயக்குநர், 1978-இல் வசனகர்த்தா. 1979-இல்தான் கதாநாயகன், அதே ஆண்டில் இயக்குநர். நடிக்க இன்னொருவர் கூப்பிட வேண்டும். எழுத ஒரு நோட்டு போதும்.

சென்னை தரமணி எம்.ஜி.ஆர். அரசுத் திரைப்பட நிறுவனத்தில் பிளஸ் டூ முடித்ததும் சேரலாம், நான்காண்டுப் பட்டம். நீங்கள் கேரளவாசி என்பதால் இருப்பிடச் சான்று பற்றிய விதியை முதலில் படியுங்கள். புனே, கொல்கத்தா திரைப்பட நிறுவனங்களின் இயக்கப் படிப்புக்கு ஒரு டிகிரியும் நுழைவுத் தேர்வும் வேண்டும். கோட்டயம் பக்கம் கே.ஆர். நாராயணன் திரைப்பட நிறுவனம் இருக்கிறது. நடிப்புக்குத் திருச்சூர் நாடகப் பள்ளி.

படித்து வந்தாலும் முதல் வேலை பெரும்பாலும் கிளாப் பலகை அடிப்பதும், ஷாட்டுக்கு ஷாட் எதுவும் மாறாமல் குறித்து வைக்கிற கண்டினியூட்டியும்தான். கேமரா ஒரு மெஷின், ஒலிப்பதிவு இன்னொரு மெஷின். கிளாப் கட்டை மூடுகிற ஃபிரேமையும் அந்த 'டக்'கையும் வைத்துத்தான் எடிட்டர் இரண்டையும் சேர்ப்பார். கேமரா ஓடும் முன்னே அடித்துவிட்டால், உதட்டசைவைப் பார்த்துத் தேட வேண்டியதுதான். தொடக்கத்தில் அடிக்க முடியாத ஷாட்டுக்கு முடிவில் பலகையைத் தலைகீழாகப் பிடித்து அடிப்பார்கள். கண்டினியூட்டி இன்னும் பொறுமை கேட்கும். கொல்லங்கோட்டில் காலையில் எடுத்த காட்சிக்கு இரண்டு வாரம் கழித்து குளோசப் எடுப்பார்கள். டீ கிளாஸ் பாதியா, முழுசா? எந்தக் கைச் சட்டை மடித்திருந்தது? சீன் நம்பரோடு போட்டோ எடுத்து வைக்காதவர் அன்றைக்குத் திட்டு வாங்குவார். மாதச் சம்பளத்தை நம்பாதீர்கள். பல படங்களில் பேட்டா என்கிற தினப்படிதான் கைக்கு வரும்.

இந்த லீவிலேயே ஐந்து பக்கத் திரைக்கதை எழுதி போனில் எடுக்கச் சொல்லுங்கள். ஒரு பக்கம் ஏறக்குறைய ஒரு நிமிடம். படம் நன்றாக வந்தும் சத்தத்தில் கெடும். நம் பாலக்காட்டுக் கணவாய்க் காற்று, அதுவும் ஆடியில், போன் மைக்கை விடாது. வீட்டுக்குள் ஃபேனை அணைத்து, சட்டைக் காலரில் மைக் வைத்து எடுக்கட்டும். வசனம் பாடப்புத்தகத் தமிழில் வேண்டாம், வீட்டில் பேசுகிற மலையாளம் கலந்த தமிழிலேயே இருக்கட்டும். ஒட்டப்பாலத்து மலையாள யூனிட்டிலும் பொள்ளாச்சித் தமிழ் யூனிட்டிலும் ஒரே ஆள் வேலை பார்க்க முடிவது எல்லைப் பிள்ளைக்கு மட்டுமே கிடைத்த வசதி.

கதையை யாரிடமும் சொல்லும் முன் முழுசாக எழுதிப் பதிவு செய்யட்டும். வாய்வழி ஐடியாவுக்குக் காப்பிரைட் கிடையாது, எழுதிய வடிவத்துக்குத்தான்.

பாதுகாப்பு பற்றிய உங்கள் பயம் நியாயமானது. ஒவ்வொரு படத்தின் தயாரிப்பு யூனிட்டிலும் பாலியல் தொல்லைப் புகார்களை விசாரிக்கிற உள்ளகப் புகார்க் குழு இருக்க வேண்டும் என்று கேரள உயர்நீதிமன்றம் 2022 மார்ச்சில் சொல்லிவிட்டது. வேலைக்குச் சேரும் முன் அந்தக் குழுவில் யார் யார், போன் நம்பர் என்ன என்று கேளுங்கள். பதில் வராத யூனிட்டுக்குப் பாப்பாவை அனுப்ப வேண்டாம்.