மஞ்சள் வெல்லமும் கசியும் ஜாடியும்: இனிப்பு ஊறுகாய்க் கேள்விகள்

கேள்வி: மாங்காய் இனிப்பு ஊறுகாயில் திகட்டும் என்று வெல்லத்தைப் பாதியாகக் குறைத்தேன். பத்து நாளில் நுரைத்துவிட்டது. வெல்லம் விற்றவர் மீது புகார் செய்யலாமா? (கரூர்)

பதில்: அந்தக் கடைக்காரர் என்ன பாவம் செய்தார்? ஈரத்தைப் பிடித்துவைத்துக் கிருமிகளை வளரவிடாமல் தடுப்பதே வெல்லம்தான்.

கேள்வி: "முதல் தரம்" என்று கூடுதல் விலைக்குக் கொடுத்த பளிச்சென்ற மஞ்சள் வெல்லம், ஊறுகாய்க்குப் போக மீதமிருந்தது கறுத்துவிட்டது. ஏமாந்துவிட்டேனா? (திருச்சி)

பதில்: பெரும்பாலும் ஆம். நிறம் மாறியது மட்டுமே சாட்சியாகிவிடாது, நல்ல வெல்லமும் நாள்பட்டால் கறுக்கும். ஆனால் அந்தப் பளிச்சென்ற மஞ்சளை நான் நம்புவதில்லை. கரும்புச்சாற்றைக் காய்ச்சினால் இயல்பாகக் கிடைப்பது பழுப்பு நிறமே. கொப்பரையில் சோடியம் ஹைட்ரோசல்பைட் என்ற வெளுப்பு மருந்தைத் தூவினால் அது வெளுத்து மஞ்சளாகிறது, அந்த வெளுப்பும் நெடுநாள் நிலைப்பதில்லை. அந்த மருந்தால் வெல்லத்தில் தங்கும் கந்தக டையாக்சைடு 70 பிபிஎம் (பத்து லட்சத்தில் 70 பங்கு) அளவைத் தாண்டக் கூடாது என்று விதி இருக்கிறது. தட்டில் குவித்து, விவரச் சீட்டில்லாமல் நிறுத்துக் கொடுக்கும் வெல்லத்தில் அதை யார் அளந்து பார்க்கிறார்கள்? போதாததற்குச் சீனியைக் கலந்து காய்ச்சுவோரும் உண்டு. சேலம் மாவட்ட ஆலைகளில் அப்படிப்பட்ட வெல்லத்தை உணவுப் பாதுகாப்புத் துறையினர் பறிமுதல் செய்ததுண்டு. பழுப்பு வெல்லத்தை அழுக்கு என்று ஒதுக்கிவிட்டு மஞ்சளுக்குக் காசைக் கூட்டிக் கொடுப்பவர்கள் இருக்கும்வரை, ஆலைக்கொட்டகைக்காரர் மருந்தை நிறுத்தப் போவதில்லை. மீதியைத் தூக்கி எறியாமல், மாவட்ட உணவுப் பாதுகாப்பு அலுவலரிடம் கொடுத்துப் புகார் செய்யுங்கள்.

கேள்வி: ஐந்து லிட்டர் வினிகர் வாங்கிய பிறகுதான் அது செயற்கை வினிகர் என்று தெரிந்தது. பணம் திரும்பக் கிடைக்குமா? (மதுரை)

பதில்: புட்டியிலேயே அச்சிட்டிருப்பதை வாங்கும்போது படித்திருக்க வேண்டும். கிடைக்காது.

கேள்வி: இணையத்தில் வாங்கிய பீங்கான் ஜாடியின் அடியில் பாகு கசிகிறது. பீங்கானைத் திரும்பப் பெறுவதில்லை என்கிறார் விற்பனையாளர். (நாகர்கோவில்)

பதில்: அப்படிச் சொல்ல அவருக்கு உரிமை இல்லை. குறைபாடுள்ள பொருளைத் திரும்பப் பெற விற்பனையாளர் மறுக்கக் கூடாது என்று 2020ஆம் ஆண்டின் மின்வணிக விதிகள் கூறுகின்றன. உங்கள் கோபம் எனக்குப் புரிகிறது. கண்காட்சி ஒன்றில் ஆசைப்பட்டு நான் வாங்கிய ஜாடியின் தகர மூடி எலுமிச்சை ஊறுகாயின் புளிப்பில் துருப்பிடித்து, உள்ளிருந்த அத்தனையையும் கொட்ட நேர்ந்தது, கடையோ மறுநாள் அங்கே இல்லை. உங்களுக்கு அந்தச் சிக்கல் இல்லை. கசியும் இடத்தைப் படமெடுத்து, பில்லோடு சேர்த்துத் தளத்தின் குறைதீர்ப்பு அலுவலருக்கு எழுதுங்கள். அவர் 48 மணி நேரத்துக்குள் புகாரைப் பெற்றதாக ஒப்புகை தந்து, ஒரு மாதத்துக்குள் தீர்வு காண வேண்டும். அசையாவிட்டால் தேசிய நுகர்வோர் உதவி எண் 1915ஐ அழையுங்கள். மாற்று ஜாடி வந்தால், அதில் ஓர் இரவு முழுவதும் தண்ணீர் நிரப்பிவைத்து, அடியில் விரித்த காகிதம் நனையவில்லை என்று பார்த்த பிறகே ஊறுகாயைப் போடுங்கள்.