ரோல்வ் வெசென்லுண்ட்: கேள்வி பதில்

நார்வேயின் நகைச்சுவை நடிகர் ரோல்வ் வெசென்லுண்ட் (1936–2013) பற்றிக் கேட்டவர்களுக்கு என் பதில்கள்.

கே: ஆரம்பத்தில் என்ன செய்துகொண்டிருந்தார்?

ப: ஹோர்ட்டென் ஊர்க்காரர். கிளாரினெட், சாக்ஸபோன் வாசித்த ஜாஸ் ஆள். அந்த லயம் நடிப்பில் கடைசிவரை இருந்தது. வசனத்துக்கு முன் எத்தனை நொடி வாய்மூடி இருக்கவேண்டும் என்பது அவருக்கு அத்துப்படி. 1960களின் இறுதியில் ஹரால்ட் ஹைடெ-ஸ்டீன் ஜூனியரோடு ஜோடி சேர்ந்து தொலைக்காட்சியில் புகழ்பெற்றார். இருவர் பெயரையும் ஒட்டி 'வெசென்ஸ்டீன்' என்றே அந்த ஜோடிக்குப் பெயர். துண்டு வீடியோக்களில் இவரைப் பார்க்காதீர்கள். அந்த மௌனங்களைத்தான் முதலில் வெட்டிவிடுகிறார்கள்.

கே: இணையத்தில் பரவிய 'The Fox' என்ற நரிப் பாட்டு இவருடையதா?

ப: இல்லை. அது நார்வேயின் நகைச்சுவை ஜோடியான இல்விஸ் சகோதரர்களுடையது, செப்டம்பர் 2013இல் வந்தது. இவர் அதற்கு முந்தைய மாதமே காலமாகிவிட்டார்.

கே: இவர் நாயகனாக நடித்த 'ஃப்லெக்ஸ்னெஸ்' தொலைக்காட்சித் தொடர் ஆங்கிலக் காப்பிதானே? இதில் இவர் சாதனை என்ன?

ப: மூலம் பிரிட்டனுடையது, உண்மை. பிரிட்டிஷ் நகைச்சுவை நடிகர் டோனி ஹான்காக்குக்காக ரே கால்டனும் ஆலன் சிம்ப்சனும் எழுதிய கதைகளை எடுத்துத்தான் 1972இல் நார்வே தொலைக்காட்சி தொடங்கியது. இயக்கிய போ ஹெர்மான்சன் ஸ்வீடன்காரர். ஆனால் கதை வந்தால் ஆளும் கூடவே வந்துவிடுவானா? ஃப்லெக்ஸ்னெஸ் தன்னை மேதை என்று நம்புகிறவன். யாரும் தன்னைப் பெரிய ஆளாகக் காட்டிக்கொள்ளக் கூடாது என்று நினைக்கிற ஊரில் அப்படி ஒருவன் நடமாடினால், பக்கத்தில் நிற்பவருக்கே கூச்சமாக இருக்கும். அந்தக் கூச்சம் நார்வேயின் சொத்து.

கே: முந்தைய கேள்வியைக் கேட்ட அதே ஆள்தான் மறுபடியும் கேட்கிறேன். உரிமை வாங்கினாலும் காப்பி காப்பிதான்.

ப: சரி, அம்மாவைப் பாருங்கள். ஹான்காக்குக்கு அப்படி நிரந்தரமாக ஒரு அம்மா கிடையாது. இங்கே அவுட் ஷோனெமான் அம்மாவாக வருகிறார். நிஜத்தில் மகனாக நடித்த வெசென்லுண்டைவிட 14 வயதுதான் மூத்தவர்! ஊருக்கெல்லாம் உபதேசம் செய்கிறவன் அவர் முன்னால் சின்னப் பையனாகிவிடுகிறான். இரவல் கதையோடு மட்டும் ஒரு பாத்திரம் இடைவெளி விட்டு விட்டு 2002 வரை வாழாது. ஹான்காக்கை நான் குறைத்துச் சொல்லவில்லை. அவர் மகா கலைஞர். ஆனால் ஹான்காக்கிடம் இருப்பது சோர்வு, வெசென்லுண்டிடம் இருப்பது அசைக்க முடியாத நம்பிக்கை. ஒரே கதையை இருவரும் நடித்ததை அடுத்தடுத்து முழுதாகப் பார்த்துவிட்டு வந்து வாதாடுங்கள்.

கே: நரிப் பாட்டைப் பற்றி இரண்டு வரி?

ப: மேலே சொல்லியாயிற்று. பாட்டுக் கேள்விகள் இனி வேண்டாம்.

கே: இவர் பாணியில் மேடை நகைச்சுவை எழுதக் கற்றுத்தர முடியுமா?

ப: நான் பார்வையாளன். மேடை ஏறியவர்களிடம் கேளுங்கள்.

கே: எந்தப் பகுதியிலிருந்து பார்க்கலாம்?

ப: ஃப்லெக்ஸ்னெஸ் தொடரின் இரத்த தானப் பகுதி. முழுதாக, வெட்டாமல்.