பாட்டின் வேகமும் பெடலின் வேகமும்

கேள்வி: இண்டோர் சைக்கிளிங் வகுப்பு எடுக்கத் தொடங்கியிருக்கிறேன். துள்ளலான பாட்டாகப் பார்த்துத்தான் போடுகிறேன். ஆனாலும் சிலர் சீட்டில் குதிக்கிறார்கள், சிலர் தாளத்தையே விட்டுவிடுகிறார்கள். ஏன்?

பதில்: துள்ளல் இருக்கட்டும், முதலில் பாட்டை எண்ணிவிடுங்கள். தொடையில் தட்டியபடி 15 விநாடிக்கு எத்தனை தட்டு என்று பார்த்து, நான்கால் பெருக்கினால் பி.பி.எம். (நிமிடத்துக்கு எத்தனை தட்டு) வந்துவிடும். பெடல் ஒரு முறை சுற்றி வருவதற்குள் இடது ஒன்று, வலது ஒன்று என இரண்டு மிதி விழுகிறது. அதனால் தட்டுக்கு ஒரு மிதி என்றால், பி.பி.எம்.மில் பாதிதான் ஆர்.பி.எம். (நிமிடத்துக்குப் பெடல் எத்தனை சுற்று). 128 உள்ள பாட்டு 64 ஆர்.பி.எம்.மில் நிற்கும், மேடேற்றத்துக்குச் சரி. சமதளத்துக்கு 80 முதல் 100 ஆர்.பி.எம். தேவை, அதற்கு 160 முதல் 200 வரையுள்ள பாட்டு வேண்டும். அல்லது 80 முதல் 100 வரையுள்ள பாட்டைப் போட்டு, வலது காலை மட்டும் தட்டில் இறக்கச் சொல்லுங்கள்.

சிக்கல் 112 முதல் 118 வரையுள்ள பாட்டுகளில். கேட்கப் பிரமாதமாக இருக்கும், மிதிக்க ஆகாது. பாதியாக்கினால் 60-க்குக் கீழே போய்க் கால் இழுக்கும். முழுதாக எடுத்தால் 110-ஐத் தாண்டிவிடும். ரெசிஸ்டன்ஸ் (பெடலின் இறுக்கம்) குறைவாக இருந்தால் அந்த வேகத்தில் காலை, சைக்கிளின் கனமான சக்கரமான ஃப்ளைவீல்தான் இழுத்துச் சுற்றும், இடுப்பு குதிக்கும். உங்கள் வகுப்பில் நடப்பது பெரும்பாலும் இதுதான். அப்படி யாராவது குதித்தால், ரெசிஸ்டன்ஸ் குமிழை அரைச் சுற்று இறுக்கச் சொல்லுங்கள். அந்தப் பாட்டுகளைக் கடைசி ஸ்ட்ரெச்சிங்குக்கு வைத்துக்கொள்ளலாம்.

கேள்வி: பாட்டு நடுவே தாளம் நின்றுபோனால் எல்லோரும் தடுமாறுகிறார்களே?

பதில்: முதல் நிமிடத்தை மட்டும் கேட்டுப் பாட்டை எடுத்தால் அப்படித்தான். முழுப் பாட்டையும் ஓடவிட்டு, தாளவாத்தியம் ஓயும் இடத்தை நிமிடம், விநாடியோடு குறித்துவையுங்கள். தண்ணீர் குடிக்க, ரெசிஸ்டன்ஸ் மாற்ற அந்த இடம் வசதி. முழு வேகத்தில் மிதிக்கும் ஸ்பிரிண்டுக்கு மட்டும் அந்தப் பாட்டு வேண்டாம். தட்டுகளை மூன்று மூன்றாக எண்ணும் பாட்டிலும் கவனம்: அழுத்தமான தட்டு ஒரு முறை வலது காலில் விழும், அடுத்த முறை இடது காலில். உட்கார்ந்து மிதிக்கையில் பரவாயில்லை, எழுந்து மிதித்தால் உடம்பு ஆட்டம் காணும்.

கேள்வி: சத்தம் எவ்வளவு வைக்கலாம்?

பதில்: 85 டெசிபலை நாளுக்கு 8 மணி நேரம் வரை கேட்கலாம் என்பது கணக்கு, அதற்கு மேல் ஒவ்வொரு 3 டெசிபலுக்கும் நேரம் பாதியாகும். 94-இல் ஒரு மணி நேரம்தான். நாளுக்கு மூன்று 45 நிமிட வகுப்பு எடுப்பவர் 90-ஐத் தாண்டக் கூடாது. உங்கள் குரல் அமுங்கினால் மைக்கை ஏற்றாதீர்கள், பாட்டைக் குறையுங்கள்.