மியூஸிதோராவுக்கு ஒரு மாலை: எந்தப் பாகம், எந்த வேகம்?

கேள்வி: எங்கள் திரைப்படச் சங்கத்தில் பிரெஞ்சு மௌனப்பட நடிகை மியூஸிதோராவுக்காக ஒரு மாலை ஒதுக்கியிருக்கிறோம். அவர் நடித்த ‘லே வாம்பீர்’ தொடர் ஏழு மணி நேரமாம், முழுதாகப் போட வழியில்லை. எதைப் போடலாம்? கையில் இருக்கும் கோப்பில் எல்லோரும் குடுகுடுவென ஓடுகிறார்கள். நள்ளிரவில் நடப்பதெல்லாம் பட்டப்பகலாகத் தெரிகிறது. அறிமுகத் தாளில் என்ன எழுதுவது?

பதில்: முதல் பாகத்திலிருந்து தொடங்காதீர்கள். கோமோன் என்ற பிரெஞ்சுப் பட நிறுவனத்துக்காக லூயி ஃபுய்யாத் எடுத்த இந்தத் தொடர் 1915 நவம்பர் முதல் 1916 ஜூன் வரை பத்துப் பாகங்களாக வெளியானது. முதல் இரண்டில் மியூஸிதோராவே கிடையாது. அவர் நுழைவது மூன்றாவதில், இர்மா வெப் என்ற கொள்ளைக்கூட்டக்காரியாக. மூன்றாம் பாகத்தையும் ஆறாம் பாகத்தையும் போடுங்கள். இரண்டும் சேர்ந்து ஏறக்குறைய நூறு நிமிடம். ஆறாவதில், அறிதுயிலில் ஆழ்த்தப்பட்ட இர்மா தன் கூட்டத்தலைவனையே சுட்டுவிடுகிறாள். மியூஸிதோராவின் முகம் என்னவெல்லாம் செய்யும் என்பதை அங்கே பார்க்கலாம்.

மூன்றாம் பாகத்தில் ஓர் இடம் உண்டு. மதுவிடுதி வாசலில் ஒட்டியிருக்கும் சுவரொட்டியில் இர்மா வெப் என்ற பெயரின் ஏழு ரோமன் எழுத்துகளும் தாமாக நகர்ந்து ‘வேம்பயர்’ (ரத்தம் குடிக்கும் பேய், பிரெஞ்சில் ‘வாம்பீர்’) என்று மாறி நிற்கும். தமிழில் பெயரை எழுதி வசனவரி போட்டால் இந்த வித்தை செத்துவிடும். அந்தச் சில வினாடிகளுக்குப் பெயரை மொழிபெயர்க்காமல், ‘எழுத்துகளை இடம் மாற்றினால் வேம்பயர்’ என்று ஒரே வரி கொடுங்கள்.

அடுத்து வேகம். அக்காலக் கேமராவைக் கையால் சுற்றினார்கள். வினாடிக்குப் பதினாறு, பதினெட்டுச் சட்டகம் என்பது சாதாரணம். பேசும்படம் வந்தபின்தான் இருபத்துநாலு நிலைத்தது. பதினெட்டில் எடுத்ததை இருபத்துநாலில் ஓட்டினால் மூன்றில் ஒரு பங்கு வேகம் கூடிவிடும். உங்கள் கோப்பின் ‘குடுகுடு’ அதனால்தான். நேரத்தை வைத்தே சோதிக்கலாம்: மூன்றாம் பாகம் நாற்பது நிமிடத்தை ஒட்டி ஓட வேண்டும், முப்பதிலேயே முடிந்தால் வேகம் தப்பு. விஎல்சி என்ற படம் ஓட்டும் மென்பொருளில் ஓட்ட வேகத்தை 0.75 ஆக்குங்கள். அப்போதும் நடை துள்ளினால் 0.67. தெருவில் நடப்பவர்களின் காலைப் பார்த்து முடிவுசெய்யுங்கள். நடிகர்களின் கையசைவு ஏமாற்றும், அது நாடகமேடைப் பாணி. வேகத்தைக் குறைத்தால் சேர்த்திருக்கும் இசையும் இழுபடும், அதை அணைத்துவிடுங்கள்.

திரையை அகலத்துக்கு நிரப்பும் வசதியையும் அணையுங்கள். இந்தப் படத்தின் அகலமும் உயரமும் நாலுக்கு மூன்று. ஃபுய்யாத் கேமராவை ஒரே இடத்தில் நிறுத்தி முழு அறையையும் காட்டுபவர். மேலும் கீழும் வெட்டினால் தலையும் காலும் போய்விடும்.

இரவு பகலாகத் தெரிவதற்குக் காரணம், நிறம் போன படி (பிரதி). அன்று இரவுக் காட்சியைப் பகலிலேயே எடுத்துவிட்டு, படச்சுருளை நீலச் சாயத்தில் முக்குவார்கள். வெறும் கறுப்பு வெள்ளைப் படியில் அந்த நீலம் இல்லாததால், திருடி பட்டப்பகலில் கூரைமேல் ஊர்வதாகத் தோன்றும். சாயத்தோடு மீட்டெடுத்த படியைத் தேடுங்கள்.

உரிமைச் சிக்கல் படத்தில் இல்லை. இந்தியச் சட்டப்படி திரைப்படத்துக்கு வெளியீட்டிலிருந்து அறுபது ஆண்டு, அது எப்போதோ முடிந்தது. ஆனால் புது வட்டில் சேர்த்திருக்கும் இசை இன்றையவர்களுடையது, அதற்கு அனுமதி வேண்டும். உள்ளூர் பியானோக்காரர் ஒருவர் கிடைத்தால் இரண்டு பிரச்சினையும் தீர்ந்தது.

அறிமுகத் தாளுக்கு: இயற்பெயர் ழான் ரோக். 1889 பிப்ரவரி 23, பாரிஸில் பிறந்தார். மியூஸிதோரா என்ற பெயர் தியோஃபில் கோத்தியே நாவலிலிருந்து எடுத்தது. 1914இல் தையல்காரப் பெண்களின் துயரத்தைச் சொல்லும் படத்தில் அறிமுகம், பிறகு கோமோன். ‘ஜுதெக்ஸ்’ தொடரில் டயானா மோந்தியாக மறுபடி வில்லி. 1957இல் மறைந்தார். அதற்குமுன் பல ஆண்டுகள் பாரிஸின் சினிமாதெக் என்ற திரைப்படக் காப்பகத்தில், அதை நிறுவியவர்களில் ஒருவரான ஆன்ரி லாங்லுவாவுடன் பணியாற்றினார்.

இரண்டு தவறுகள் திரும்பத் திரும்ப வருகின்றன. வௌவால் இறக்கையோடு நடனமாடும் பெண்ணின் படத்தை இவருடையதென்று அச்சிடுவார்கள். அது இரண்டாம் பாகத்தில் வரும் ஸ்தாசியா நாப்பியெர்கோவ்ஸ்கா. மியூஸிதோராவின் உடுப்பு உடலோடு ஒட்டிய கறுப்பு, இறக்கை கிடையாது. இரண்டாவது, ரத்தம் குடிக்கும் கதை. இங்கே ‘வாம்பீர்’ என்பது கொள்ளைக்கூட்டத்தின் பெயர் மட்டுமே.

அந்தக் கறுப்பு உடுப்போடு தாளை முடித்துவிட்டால் பாதி வாழ்க்கை விட்டுப்போகும். 1920களின் தொடக்கத்தில் இவரே இயக்குநர். ‘பூர் தோன் கார்லோஸ்’ (1921), ‘சொலேய் ஏ ஓம்ப்ர்’ (1922) இரண்டையும் ழாக் லாசேனுடன் சேர்ந்து இயக்கினார். இரண்டாவது ஸ்பெயினின் காளைப்போர் உலகக் கதை. இடைவேளைக்குப் பின் அதைப் போட முடிந்தால் போடுங்கள். போடுமுன் ஒன்றைச் சொல்லிவிடுங்கள்: கருங்கூந்தல் ஸ்பானியப் பெண்ணும் பொன்னிறக்கூந்தல் அயல்நாட்டுக்காரியும் ஒரே ஆள், மியூஸிதோராதான்.