பிரேசில் சீரியல் நடிகைகளில் ஒருவருடைய பயணத்தை மட்டும் தெரிந்துகொள்ள வேண்டுமென்றால் யாரைச் சொல்வீர்கள்?

தாயிஸ் அராவுஜோ. யோசிக்காமலே சொல்வேன்.

சோனியா பிராகா, ரெஜினா துவார்த்தே, குளோரியா பிரிஸ் என்று பெரிய பெயர்கள் நிறைய உண்டு. நடிப்பை மட்டும் பார்த்தால் பெர்னாண்டா மொன்டெனேக்ரோவுக்கு மேல் யாரையும் வைக்க எனக்கு மனசு வராது. ஆனால் நீங்கள் கேட்டிருப்பது ஒருவருடைய பயணத்தை. 1996இலிருந்து 2025 வரை தாயிஸ் ஏற்ற பாத்திரங்களை வரிசையாகப் பார்த்தால், ஒரு கறுப்பினப் பெண்ணைக் கதாநாயகியாக்க அந்த நாட்டுத் தொலைக்காட்சி எவ்வளவு தயங்கியது என்பது தெரியும். ஆக்கிய பிறகும் அவளைக் கதைக்குள் என்னென்ன செய்ய விட்டது, எதைச் செய்ய விடவில்லை என்பதும் தெரியும். கதாநாயகி வேஷம் கிடைத்துவிட்டால் கதையும் கைக்கு வந்துவிடும் என்று நாம் நினைத்துக்கொள்கிறோம். அப்படி இல்லை என்பதை இவருடைய பயணம் போல வேறெதுவும் எனக்குக் காட்டியதில்லை.

முதலில் அந்த சீரியல்கள் எப்படி நடக்கின்றன என்று கொஞ்சம் சொல்லிவிடுகிறேன். அங்கே 'நோவெலா' என்பார்கள். திங்கள் முதல் சனி வரை வாரம் ஆறு நாள் வரும். பெரும்பாலும் ஆறிலிருந்து எட்டு மாதத்துக்குள் முடிந்துவிடும். அந்த நாட்டின் மிகப் பெரிய தொலைக்காட்சியான குளோபோவில் மாலை ஆறு மணி, ஏழு மணி, இரவு ஒன்பது மணி என்று மூன்று நேரங்கள். ஒன்பது மணித் தொடரின் நாயகி என்றால் நாட்டில் பெரும்பாலான வீடுகளில் தெரிந்த முகம். ஒரு பக்கம் எபிசோட் ஓடிக்கொண்டிருக்கும்போதே மறுபக்கம் அடுத்ததை எழுதிக்கொண்டிருப்பார்கள். பார்வையாளர் எண்ணிக்கை சரிந்தால் கதை திரும்பும், ஒரு பாத்திரம் சுருங்கும், இன்னொன்று வளரும். அதனால் ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போடும் நாளில் தன் பாத்திரம் எங்கே போய் நிற்கும் என்று நடிகைக்கே தெரியாது. இதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் வேண்டியிருக்கும்.

இன்னொன்று. 2022 கணக்கெடுப்பின்படி பிரேசில் மக்களில் 10.2 சதவீதம் பேர் தங்களைக் கறுப்பினத்தவர் என்றும், 45.3 சதவீதம் பேர் கலப்பினத்தவர் என்றும் சொல்லியிருக்கிறார்கள். அதாவது பாதிக்கு மேல். திரையில் இதைத் தேடினால் கிடைக்காது. 1969இல் குளோபோ எடுத்த ஒரு தொடரில் கறுப்பின அடிமையாக நடித்தவர் செர்ஜியோ கார்டோசோ என்ற வெள்ளை நடிகர், முகத்தில் கருப்புச் சாயம் பூசிக்கொண்டு. 1976இல் வந்து உலகம் முழுக்க ஓடிய அடிமைப் பெண் இசௌராவின் கதையில், மூல நாவலிலேயே அந்த அடிமைப் பெண் வெள்ளை நிறத்தவள். நடித்தவர் லூசேலியா சாந்தோஸ், வெள்ளையர். கறுப்பின நடிகைகள் இல்லாமல் இல்லை. ரூத் டி சூசா, ஸெஸே மோட்டா போன்ற பெரிய கலைஞர்கள் இருந்தார்கள். அவர்களுக்குப் பெரும்பாலும் கிடைத்தது கதவைத் திறந்துவிட்டு, தட்டை வைத்துவிட்டுப் போகும் வேலைக்காரி வேஷம்.

இப்படி ஒரு சூழலில்தான் 1978இல் ரியோ டி ஜெனிரோவில் பிறந்த தாயிஸ், பதினேழு வயதில் 'ஷிக்கா டா சில்வா'வாக வந்து நிற்கிறார். வருடம் 1996. தொடரை எடுத்தது குளோபோ இல்லை, அதற்குப் போட்டியாக இருந்த மன்ஷெட்டி நிறுவனம். இயக்கம் வால்டர் அவன்சினி. பிரேசில் நோவெலா ஒன்றின் நாயகியாகக் கறுப்பினப் பெண் வந்த முதல் தொடர் என்று இதைத்தான் சொல்வார்கள். கதை 18ஆம் நூற்றாண்டில், மினாஸ் ஜெராயிஸின் வைரச் சுரங்க ஊரில் நடக்கிறது. அடிமையாக இருந்து, வைர ஒப்பந்தக்காரர் ஜுவாவ் பெர்னாண்டஸ் மூலம் விடுதலையாகி, அந்த ஊரின் செல்வாக்கான பெண்களில் ஒருத்தியாக உயர்ந்த நிஜ மனுஷி ஷிக்கா. 1976இல் இதே பெண்ணாகத் திரைப்படத்தில் நடித்த ஸெஸே மோட்டாவை, இந்தத் தொடரில் ஷிக்காவின் அம்மாவாகப் போட்டார்கள். தாயும் மகளுமாக அவர்கள் இருவரும் வரும் காட்சிகளை நான் திரும்பத் திரும்பப் பார்த்திருக்கிறேன். கதைக்கு வெளியே நடந்த ஒரு கைமாற்றமும் அதில் தெரிகிறது.

தொடர் பெரிய வெற்றி. பல நாடுகளுக்குப் போனது. மன்ஷெட்டி நிறுவனம் 1999இல் மூடப்பட்டது. தாயிஸ் அதற்கு முன்பே குளோபோவுக்கு வந்துவிட்டார். இவ்வளவு பெரிய வெற்றி கொடுத்த வெள்ளை நடிகையாக இருந்திருந்தால் அடுத்த வருடமே நாயகியாக்கியிருப்பார்கள் என்பது என் எண்ணம். இவருக்கு 2004 வரை துணைப் பாத்திரங்கள்தான். 2004இல் ஏழு மணித் தொடரில் பிரேட்டா என்ற நாயகி வேஷம் கிடைத்தது. சாவ் லூயிஸ் ஊர்ச் சந்தையில் மூலிகை விற்கும் பெண். ரியோவிலிருந்து வரும் பணக்கார வீட்டுப் பையன் பாக்கோவோடு காதல், நடுவில் புகுந்து கெடுக்கும் வில்லி பார்பரா. வழக்கமான கட்டமைப்புதான், ஆனால் நன்றாக எழுதப்பட்டது. எழுதியவர் ஜுவாவ் இமானுவேல் கார்னேரோ. குளோபோ அதிக நாடுகளுக்கு விற்ற தொடர்களில் இதுவும் ஒன்று. ஆனால் கறுப்பினப் பெண்ணை மையமாக வைத்த அந்தத் தொடருக்கு வைத்த பெயர் 'பாவத்தின் நிறம்'. அதற்கு அப்போதே கண்டனம் எழுந்தது. நியாயமான கண்டனம்.

2006இல் அதே எழுத்தாளரின் இன்னொரு தொடரில் பணத்தாசை பிடித்த எல்லென் என்ற நகைச்சுவை வில்லியாக வந்தார். ஜோடி லாசரோ ராமோஸ், நிஜ வாழ்க்கையிலும் அவருடைய கணவர். தாயிஸுக்கு நகைச்சுவை எவ்வளவு இயல்பாக வருகிறது என்று பார்க்க அது போதும்.

சரி, இப்போது 2009. இதைப் பற்றித்தான் நான் அதிகம் சொல்ல வேண்டும்.

மனுவேல் கார்லோஸ் என்ற எழுத்தாளர் 1981இலிருந்து தன் நாயகிகளில் பலருக்கு எலேனா என்றே பெயர் வைத்துவந்தார். ரியோவின் லெப்லோன் பகுதி, வசதியான வீடுகள், நடுவயதுப் பெண், அவளுடைய குடும்பம். எலேனாவாக நடிப்பது அங்கே ஒரு நடிகைக்குப் பட்டம் கிடைத்த மாதிரி. ரெஜினா துவார்த்தே மட்டும் மூன்று முறை எலேனா. 2009இல் 'விவேர் அ வீடா' தொடரில் அந்தப் பெயர் தாயிஸுக்கு வந்தது. முதல் கறுப்பின எலேனா, அதுவும் ஒன்பது மணித் தொடரில். நாடே பேசியது.

இந்த எலேனா புகழ்பெற்ற மாடல். விவாகரத்தான மார்க்கோஸ் என்பவரைக் கல்யாணம் செய்துகொள்கிறாள். அவருடைய மகள் லூசியானாவும் மாடல்தான். ஜோர்டானுக்கு வேலையாகப் போன இடத்தில் இருவருக்கும் சண்டை வருகிறது. அதன் தொடர்ச்சியாக லூசியானா பேருந்தில் ஏறுகிறாள், பேருந்து விபத்துக்குள்ளாகிறது, அவளுக்குக் கழுத்துக்குக் கீழே உடல் செயலிழக்கிறது. பழியைத் தன் மேல் போட்டுக்கொண்ட எலேனா, லூசியானாவின் அம்மா தெரேசாவிடம் போய் மண்டியிட்டு மன்னிப்புக் கேட்கிறாள். தெரேசா கன்னத்தில் அறைகிறாள். எலேனா எதிர்க்கவில்லை.

அந்த வருடம் நவம்பரில், கறுப்பின விழிப்புணர்வு நாளான நவம்பர் 20 வரும் வாரத்தில்தான் இந்தக் காட்சி ஒளிபரப்பானது. 1888 வரை அடிமை முறை இருந்த நாட்டில், ஒரு கறுப்பினப் பெண் மண்டியிட, ஒரு வெள்ளைச் சீமாட்டி அறைகிற காட்சி. கறுப்பின அமைப்புகள் கொதித்தன. எழுதியவர் அதை இரண்டு பெண்களுக்கு நடுவிலான மோதலாக மட்டுமே நினைத்திருக்கலாம். பார்த்தவர்களால் அப்படிப் பார்க்க முடியவில்லை, என்னாலும் முடியவில்லை. தாயிஸின் முகத்தை மட்டும் பார்த்தால் குறையே சொல்ல முடியாது. குற்ற உணர்ச்சி, அடி வாங்கியதும் வரும் திகைப்பு, எழக்கூடத் தோன்றாமல் இருப்பது, எல்லாம் உண்மையாக இருக்கிறது. குறை கதையில் இருக்கிறது.

அப்புறம் கதை முழுக்க லூசியானா பக்கம் போய்விட்டது. அலினி மோராயிஸ் அதைப் பிரமாதமாக நடித்தார், மறுக்கவில்லை. ஆனால் நாயகி என்று அறிவிக்கப்பட்டவள் தன் தொடரிலேயே ஓரமாகிப்போனாள். 1997இல் ரெஜினா துவார்த்தே நடித்த எலேனாவை நினைத்துப் பாருங்கள். மகளுக்குப் பிறந்த குழந்தை இறந்துவிட, தனக்கு அதே நேரத்தில் பிறந்த குழந்தையை மகளுக்கே தெரியாமல் மாற்றி வைத்துவிடுகிறாள். சரியோ தப்போ, கதையே அவள் செய்த காரியத்தால் நகர்கிறது. தாயிஸின் எலேனாவுக்கு அப்படி ஒரு காரியம் தரப்படவில்லை. அவளுக்கு நடந்தவைதான் உண்டு, அவள் நடத்தியது எதுவும் இல்லை. அந்த அனுபவம் தனக்கு எவ்வளவு வலித்தது என்றும், தன் நடிப்பு வாழ்க்கையே முடிந்துவிட்டதாக நினைத்ததையும் தாயிஸ் பின்னாளில் பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். தொடர் எடுபடாததற்கு அவர் முகத்தைக் காட்டிப் பேசியவர்கள் உண்டு. எழுத்து கைவிட்ட இடத்துக்கு நடிகை பதில் சொல்ல வேண்டியிருந்தது என்பதில் எனக்கு இன்னும் கோபம் தீரவில்லை.

2012இல் 'ஷேயாஸ் டி ஷார்மி'. ஏழு மணித் தொடர். மரியா ட பெனா என்ற வீட்டு வேலை செய்யும் பெண்ணாக வருகிறார். எலேனாவுக்குப் பிறகு மறுபடியும் வேலைக்காரி வேஷமா என்று கேட்கத் தோன்றும். ஆனால் இந்த வேலைக்காரி கதவைத் திறந்துவிட்டுப் போகிறவள் இல்லை. அவளுக்குச் சொந்த வீடு இருக்கிறது, பொறுப்பில்லாத புருஷன் இருக்கிறான், மகன், தம்பி, தங்கை எல்லாரும் இருக்கிறார்கள். குடும்பத்தைத் தாங்குவது அவள் சம்பளம். லியாண்ட்ரா லியால், இசபெல் டிரம்மண்ட் நடித்த மற்ற இருவரோடு சேர்ந்து, வேலைக்காரிகளின் வாழ்க்கையைப் பாட்டாகப் பாடி வீடியோ எடுக்கிறார்கள். அது பரவி மூவரும் பாடகிகளாகிவிடுகிறார்கள். அந்தப் பாட்டு வீடியோவைத் தொலைக்காட்சியில் காட்டும் முன்பே நிஜமாகவே இணையத்தில் விட்டது குளோபோ. ஊரெல்லாம் பாடியது. 1988 அரசியல் சட்டம் வீட்டு வேலை செய்பவர்களை மற்ற தொழிலாளர்களின் பல உரிமைகளுக்கு வெளியே நிறுத்தியிருந்தது. 2013 ஏப்ரலில்தான் எட்டு மணி நேர வேலை, கூடுதல் நேரத்துக்குக் கூலி முதலியவை அவர்களுக்கும் உண்டு என்று திருத்தம் வந்தது. அந்த விவாதம் நடந்துகொண்டிருந்த காலத்துத் தொடர் இது.

2015இல் கணவரோடு சேர்ந்து 'மிஸ்டர் பிராவ்' தொடரில் புகழும் பணமும் உள்ள இசைத் தம்பதியாக வந்தார். அந்த வருட அக்டோபர் கடைசியில் அவருடைய பேஸ்புக் படத்துக்குக் கீழே இனவெறிக் கருத்துகள் குவிந்தன. ஒன்றையும் அழிக்க மாட்டேன் என்று சொல்லிவிட்டு நேராகப் போலீஸுக்குப் போனார். விசாரணை நடந்து சிலர் கைதானார்கள்.

'அமோர் டி மாயி'யில் வழக்கறிஞர் விட்டோரியா, 2022இல் ஒரு இரட்டை வேடம் என்று போன பிறகு, 2025இல் 'வாலே டூடோ' வந்தது. 1988இல் வந்த மூலத்தை அந்நாட்டு சீரியல்களின் உச்சம் என்பவர்கள் நிறைய. நேர்மையாக இருந்து பிழைக்க முடியுமா என்பதுதான் கேள்வி. ராக்கேல் என்ற தாயின் வீட்டை அவளுக்குத் தெரியாமல் விற்றுவிட்டு மகள் ரியோவுக்கு ஓடிவிடுகிறாள். பின்னாலேயே வரும் தாய், கடற்கரையில் சாண்ட்விச் விற்று, உழைத்து, ஒரு உணவு நிறுவனத்தையே கட்டி எழுப்புகிறாள். அன்று ரெஜினா துவார்த்தே நடித்த ராக்கேலாக இப்போது தாயிஸ்.

புதிய பதிப்பில் பின்பாதியில் ராக்கேல் எல்லாவற்றையும் இழந்து மறுபடியும் கடற்கரைக்கு சாண்ட்விச் விற்க வருகிறாள். தொடர் ஓடிக்கொண்டிருக்கும்போதே தாயிஸ் ஒரு பத்திரிகைப் பேட்டியில் இதைப் பற்றி வெளிப்படையாகப் பேசினார். இந்தத் திருப்பம் தனக்கு அதிர்ச்சி என்றார். உழைப்பால் மேலே வரும் ஒரு கறுப்பினப் பெண்ணின் கதையைச் சொல்லப் போகிறோம் என்று நம்பித்தான் வந்ததாகவும் சொன்னார். ஓடிக்கொண்டிருக்கும் தொடரின் கதையை அதன் நாயகியே பொதுவெளியில் கேள்வி கேட்பது அங்கே அபூர்வம். அதற்காக அவரைத் திட்டினவர்களும் உண்டு. நான் அவர் பக்கம்தான். 2009இல் முப்பது வயதில் சொல்ல முடியாததை 2025இல் சொன்னார். சொல்லும் இடத்துக்கு அவரே உழைத்து வந்திருந்தார்.

அவர் திறந்த வழியில் வந்தவர்களும் இருக்கிறார்கள். 2024 நவம்பரில் குளோபோவின் ஆறு மணி, ஏழு மணி, ஒன்பது மணித் தொடர்கள் மூன்றிலும் ஒரே நேரத்தில் கறுப்பின நாயகிகள்: டூடா சாந்தோஸ், ஜெசிகா எல்லென், கப்ஸ். அதுவரை அப்படி நடந்ததே இல்லை.

எதிலிருந்து தொடங்குவது என்றால், முழுத் தொடராக 'ஷேயாஸ் டி ஷார்மி'யை எடுங்கள். கலகலப்பானது, வேகமாகப் போகும். ஆரம்பத்திலேயே பெனாவின் எஜமானியான பாடகி ஷாயெனி அவளைத் தாக்குவாள். பெனா காவல் நிலையத்துக்குப் போய்ப் புகார் கொடுப்பாள். அதைப் பார்த்த கையோடு, 2009இன் அந்த அறை விழும் காட்சியையும் தேடிப் பாருங்கள். மூன்று வருட இடைவெளிதான், நடிகையும் ஒருவர்தான்.