இடுப்பளவுச் சுவர் – கடிதமும் பதிலும்

அன்புள்ள ஐயா,

வேலை காரணமாக எட்டு மாதங்களாக வட இங்கிலாந்தின் நியூகாசிலில் இருக்கிறேன். போன மாதம் மனைவி, மகளோடு, ரோமானியர் எல்லையில் கட்டிய ஹேட்ரியன் சுவரைப் பார்க்கப் போனேன். ஸ்டீல் ரிக்கில் காரை நிறுத்திவிட்டு ஹவுஸ்டெட்ஸ் கோட்டைவரை நடந்தோம். காற்று ஆளையே தள்ளியது. இடம் அழகுதான். ஆனால் சுவர்? பல இடங்களில் என் இடுப்பளவுகூட இல்லை. "இதையாப்பா ரோம் ராஜா கட்டினாரு? நானே தாண்டிடுவேனே" என்றாள் மகள். எனக்கும் அதே எண்ணம்தான். முழு உயரத்தில் இருந்தபோதும் ஓர் ஏணி இருந்தால் ஏறிவிடலாமே. 118 கிலோமீட்டருக்கு இப்படி ஒன்றைக் கட்டி யாரைத் தடுத்தார்கள்? மீதிக் கல்லெல்லாம் எங்கே போயிற்று? அங்கே பார்ப்பதற்கு உண்மையில் என்னதான் மிச்சமிருக்கிறது? ரோமானிய எல்லைகளைப் பற்றி நீங்கள் முன்பு எழுதியிருப்பதால் கேட்கிறேன்.

அருள்
நியூகாசில்

*

அன்புள்ள அருள்,

உங்கள் மகள் சொன்னதிலிருந்தே தொடங்குகிறேன். ஏணியில் ஆள் ஏறலாம், மாடு ஏறாது. வடக்கிலிருந்து இரவில் இருபது பேர் வந்து இறங்கிவிட்டார்கள் என்றே வைத்துக்கொள்வோம். வந்தது எதற்கு? பெரும்பாலும் ஆநிரை கவரத்தான். வளைத்த மாடுகளை ஓட்டிக்கொண்டு எந்த வழியாகத் திரும்புவார்கள்? சுவருக்குத் தெற்கே ஆறு மீட்டர் அகலமும் மூன்று மீட்டர் ஆழமுமாக ஒரு பள்ளம், அதன் இரண்டு பக்கமும் மண்மேடு. இன்று வல்லம் என்கிறார்கள். அதைக் கடக்கக் கோட்டைகளுக்கு எதிரில்தான் வழி விட்டிருந்தார்கள். அதைத் தாண்டினால் சுவர். சுவருக்கு வடக்கே இன்னோர் அகழி. நீங்கள் நடந்த பகுதியில் செங்குத்துப் பாறையே அகழியின் வேலையைச் செய்துவிடுகிறது. உள்ளே வருவதைவிடக் கையில் எதையாவது வைத்துக்கொண்டு வெளியே போவதுதான் கஷ்டம்.

முழு உயரம் எவ்வளவு என்பதற்கு ஒரு பழைய சாட்சி உண்டு. சுவரின் கிழக்கு முனைக்கு அருகே ஜாரோ மடத்தில் வாழ்ந்த பீட் என்ற துறவி, 8-ஆம் நூற்றாண்டில், 12 அடி உயரம், 8 அடி அகலம் என்று எழுதிவைத்தார். ரோமானியர் போய் 300 ஆண்டுகளுக்குப் பிறகும் அவ்வளவு நின்றிருக்கிறது.

கி.பி. 122-இல் ரோமப் பேரரசர் ஹேட்ரியன் பிரிட்டனுக்கு வந்ததை ஒட்டி வேலை தொடங்கியது. மூன்று லீஜியன்களின், அதாவது ரோமானியப் பெரும்படைப் பிரிவுகளின், வீரர்கள் தங்கள் கையாலேயே கட்டினார்கள். இன்ன நூற்றுவர் பிரிவு கட்டியது என்று பெயர் வெட்டிய சிறு கற்கள் பல கிடைத்திருக்கின்றன. மேற்குப் பகுதியை முதலில் புல்மண் கட்டிகளை அடுக்கி எழுப்பி, பிறகு கல்லாக மாற்றினார்கள். இதெல்லாம் அங்கே இருக்கும் தகவல் பலகைகளிலேயே இருந்திருக்கும். நான் உங்கள் கண்ணைத் திருப்ப விரும்புவது வேறோர் இடத்துக்கு: சுவரின் வாசல்களுக்கு.

ஒவ்வொரு ரோமானிய மைலுக்கும், அதாவது சுமார் ஒன்றரை கிலோமீட்டருக்கு, ஒரு சிறு கோட்டை. ஒவ்வொன்றிலும் தெற்கே ஒரு வாசல், வடக்கே ஒரு வாசல். ஆளைத் தடுப்பது மட்டும்தான் நோக்கம் என்றால் இத்தனை வாசல் எதற்கு? மொத்தம் ஏறத்தாழ 80 இடங்களில் சுவரில் ஓட்டை போட்டு, அதற்குக் கதவும் போட்டு, காவலுக்கு ஆளும் வைத்திருக்கிறார்கள். இவற்றில் சில வாசல்களைத் திறந்தால் நேரே பாறைச் சரிவு. மேலிடத்துத் திட்டத்தில் மைலுக்கு ஒரு வாசல் என்று இருந்தது, கட்டியவன் அப்படியே கட்டிவிட்டான். ஆகவே எல்லா வாசலிலும் வண்டி போயிற்று என்று சொல்ல மாட்டேன். ஆனால் ஹவுஸ்டெட்ஸ் கோட்டைக்குக் கிழக்கே, சரிவு இறங்கி முடியும் இடத்தில், நேக் பர்ன் என்ற சிற்றோடையின் ஓரமாக இன்னொரு வாசல் இருக்கிறது. கோட்டையோடு திரும்பிவிட்டீர்கள் என்றால் அதைப் பார்த்திருக்க மாட்டீர்கள். அது எந்தக் கோட்டைக்குள்ளும் போகாத, சுவரிலேயே நேராக வைத்த வாசல். இரண்டு பக்கமும் காவலர் அறை. கதவு ஒன்றல்ல, இரண்டு: முன்னால் ஒரு ஜோடி, பின்னால் ஒரு ஜோடி. மாட்டுக்காரனோ வியாபாரியோ வந்தால் முதல் கதவைத் திறந்து உள்ளே விடுவார்கள், அதைச் சாத்துவார்கள், மூட்டையைப் பிரித்துப் பார்ப்பார்கள், அப்புறம்தான் அடுத்த கதவு. நம் மொழியில் செக்போஸ்ட். அந்த நான்கைந்து வரிசைக் கல்லுக்கு நடுவே ஒரு நிமிடம் நின்று பாருங்கள், முன்னும் பின்னும் கதவு சாத்தியிருப்பதாக நினைத்துக்கொண்டு. எனக்கு அங்கேதான் இந்தச் சுவர் முதன்முதலில் புரிந்தது.

எல்லைக்கு லத்தீனில் அவர்கள் வைத்திருந்த சொல் லீமெஸ். அதன் பழைய பொருள் வயல்களுக்கு நடுவே போகும் பாதை. நம்மிடம் அதற்கு அச்சு அசலான சொல் இருக்கிறது, வரப்பு. என் வயலையும் உங்கள் வயலையும் பிரிப்பதும் அதுதான், நாம் இருவரும் நடந்துபோவதும் அதன் மேல்தான். ரோமானிய எல்லையைச் சுவர் என்று நினைத்துப் பார்த்தால் முட்டாள்தனமாகத் தெரியும். வரப்பு என்று நினைத்துப் பாருங்கள். இங்கேகூடச் சாலைதான் முதலில் வந்தது. ஸ்டேன்கேட் என்று இன்று அழைக்கப்படும் சாலையும் அதன் மேல் இருந்த கோட்டைகளும் சுவருக்கு ஒரு தலைமுறை முந்தியவை.

வரப்பு என்றால் இனிமையாகத்தான் இருந்தது என்று எடுத்துக்கொள்ள வேண்டாம். ரைன் ஆற்றின் மறுகரையில் வாழ்ந்த டென்க்டெரி இனத்தாரின் மனக்குறை ஒன்றை ரோமானிய வரலாற்றாசிரியர் டாசிடஸ் பதிவு செய்திருக்கிறார். கி.பி. 70 வாக்கிலான சம்பவம். கொலோன் நகரத்து உறவுகளைப் பார்க்க வேண்டுமென்றால் ஆயுதத்தைக் கொடுத்துவிட்டு, கிட்டத்தட்ட உடம்பில் துணியில்லாமல், காவலாளி கூடவே வர, காசும் கட்டிவிட்டுத்தான் போக முடிகிறது என்பது அவர்கள் முறையீடு. நேக் பர்ன் வாசலிலும் சோதனை இதைவிட மென்மையாக இருந்திருக்கும் என்று நான் நம்பவில்லை.

சண்டைக்கும் தயாராகத்தான் இருந்தார்கள். நியூகாசில் பக்கம் சுவருக்கும் அகழிக்கும் இடைப்பட்ட நிலத்தில் வரிசை வரிசையாகக் குழிகள் அகழாய்வில் வந்திருக்கின்றன. கூராக்கிய கிளைகளை நட்டுவைத்த முள்வேலிக் குழிகள் அவை. 180-களின் தொடக்கத்தில் வடக்கத்தியர் சுவரைக் கடந்து வந்து ஒரு தளபதியையும் அவர் படையையும் வெட்டிச் சாய்த்தார்கள் என்று அக்கால வரலாற்றாசிரியர் காசியஸ் டியோ எழுதுகிறார். ஆகவே வெறும் சுங்கச்சாவடி என்று சொல்பவர்களோடும் எனக்கு உடன்பாடில்லை.

இனி கல். உங்கள் கேள்விக்கு விடை நீங்கள் வந்த வழியிலேயே இருக்கிறது. நியூகாசிலிலிருந்து பி6318 சாலையில் வந்திருந்தால், பல மைல்களுக்கு நீங்கள் காரை ஓட்டியதே சுவரின் மேல்தான். 1745-இல், ஸ்டூவர்ட் வம்சத்தை மீண்டும் அரியணையேற்ற எழுந்த யாக்கோபைட் கிளர்ச்சிப் படை மேற்கே கார்லைல் நகரைப் பிடித்தபோது, நியூகாசிலில் இருந்த ஜெனரல் வேடால் சரியான சாலை இல்லாமல் படையை நகர்த்த முடியவில்லை. அந்தப் பாடத்துக்குப் பிறகு 1750-களில் ராணுவச் சாலை போட்டார்கள். கையருகே கல் தயாராக இருந்தது. சுவரைத் தள்ளி, உடைத்து, அடித்தளமாகப் பரப்பிவிட்டார்கள். அதற்கு முன்பே லானர்காஸ்ட் மடம், தர்ல்வால் கோட்டை, பண்ணை வீடு, தொழுவம் என்று போனது ஏராளம். 1801-இல் வில்லியம் ஹட்டன் என்பவர் 78 வயதில் சுவர் நெடுக நடந்து போனார். வழியில் ஒரு நிலக்காரர் வீடு கட்டச் சுவரை இடித்துக்கொண்டிருந்ததைப் பார்த்து, நிறுத்தச் சொல்லி ஆளனுப்பி மன்றாடினார். பிளேன்ட்ரீஸில் இன்று நிற்கும் ஒரு துண்டு அதனால்தான் தப்பியது என்பார்கள். அடுத்து வந்தவர் ஜான் கிளேட்டன், நியூகாசில் நகராட்சியின் செயலாளர். சுவர் போகும் நிலங்களை ஒவ்வொன்றாக விலைக்கு வாங்கினார். விழுந்துகிடந்த கற்களைச் சுண்ணாம்பில்லாமல் திரும்ப அடுக்கி மேலே புல் போர்த்தச் செய்தார். நீங்கள் நடந்த பாதையில் கண்டதில் கணிசமான பகுதி அவர் காலத்து அடுக்குதான். கல் ரோமானியருடையது, அடுக்கிய கை 19-ஆம் நூற்றாண்டுடையது. இதைப் போலி என்று சிலர் குறைசொல்கிறார்கள். நான் அந்த மனிதருக்கு நன்றியோடு இருக்கிறேன்.

மிச்சம் என்ன என்று கேட்டீர்கள். காரை நிறுத்திய இடத்துக்குத் தெற்கே, சிறிது தூரத்தில் விண்டோலாண்டா என்ற ரோமானியக் கோட்டை இருக்கிறது. அதைப் பார்க்காமல் வந்துவிட்டீர்கள் என்பதுதான் உங்கள் கடிதத்தில் எனக்கு வருத்தம் தந்தது. அங்கே மரக்கோட்டையைப் பலமுறை இடித்து மேலே மேலே கட்டியதில், அடி அடுக்குகள் காற்றுப் புகாத ஈரச் சேறாகிவிட்டன. தோல் செருப்பு, துணி, மரம் எதுவும் மக்கவில்லை. 1973-இல் அகழாய்வாளர் ராபின் பேர்லி அந்தச் சேற்றில் மரச்சீவல் போல ஏதோ கண்டார். இரண்டு சீவல்கள் ஒட்டிக்கொண்டிருந்தன. பிரித்தால் உள்ளே மை எழுத்து. வெளிக்காற்றுப் பட்டதும் எழுத்து மங்கிப்போக, அகச்சிவப்புக் கதிர்ப் படம் எடுத்துத்தான் மீட்டார்கள். அன்றிலிருந்து நூற்றுக்கணக்கில் வந்துகொண்டேயிருக்கின்றன. தபால் அட்டை அளவு, உள்ளங்கையில் வைத்தால் எடை தெரியாத மெல்லிய பலகை.

ஒன்றில் டங்ரியன் படைப்பிரிவின் ஆள் கணக்கு: மொத்தம் 752 பேர், வெளியே போயிருப்பவர் 456, இருப்பவர் 296, அதில் வேலைக்கு ஆகாதவர் 31. அந்த 31-இல் நோயாளி 15, காயம்பட்டவர் 6, கண்நோய் 10. பேரரசின் வடகோடியில் அந்தக் கோட்டை அன்று அவ்வளவு பேர் கையில்தான் இருந்தது. இன்னொன்றில், ஆட்களுக்கு பீர் தீர்ந்துவிட்டது, அனுப்பச் சொல்லுங்கள் என்கிறான் மாஸ்க்ளுஸ் என்ற அதிகாரி. இன்னொன்றில் யாரோ யாருக்கோ காலுறையும் இரண்டு ஜோடி உள்ளாடையும் அனுப்பியிருக்கிறார்கள். ஒரு கணக்குப் பலகையில் காம்பாக்ஸ் என்பவன் பெயருக்கு எதிரே மிளகு, இரண்டு தினாரி. அந்த மிளகு எங்கிருந்து போயிருக்க முடியும் என்று உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. முசிறியில் கப்பலேறி, செங்கடல் கடந்து, நைல் வழியே அலெக்சாந்திரியா போய், அங்கிருந்து இந்த மழை ஓயாத முகாம்வரை.

என் மனதை விட்டுப் போகாதது ஒரு பிறந்தநாள் அழைப்பு. கி.பி. 100-ஐ ஒட்டியது. பக்கத்துக் கோட்டைத் தளபதியின் மனைவி கிளாடியா செவேரா, விண்டோலாண்டா தளபதி கெரியாலிஸின் மனைவி லெபிடினாவை செப்டம்பர் 11-ஆம் தேதி தன் பிறந்தநாளுக்கு வரச்சொல்கிறாள். கடிதத்தை எழுத்தர் ஒருவர் அழகான கையெழுத்தில் எழுதியிருக்கிறார். கீழே, கோணல்மாணலாக, செவேராவே சொந்தக் கையால் சேர்த்த வரிகள்: உன்னை எதிர்பார்த்திருப்பேன் சகோதரி, என் உயிரே, நலமாயிரு. ஒரு பெண் தன் கையால் எழுதி நமக்குக் கிடைத்த மிகப் பழைய லத்தீன் வரிகளில் இவையும் உண்டு.

மற்ற எல்லைகளைப் பற்றி இன்னொரு நாள் எழுதுகிறேன். ஜெர்மனியில் 550 கிலோமீட்டருக்கு மரவேலியும் மண்மேடும் காவல் கோபுரங்களும் ஓடின, நடுவே 80 கிலோமீட்டர் நூல் பிடித்தாற்போல் நேர்கோடு. சிரியாவில் 1920-களிலும் 30-களிலும் பொய்தபார் என்ற பாதிரியார் விமானத்திலிருந்து 116 கோட்டைகளைப் படமெடுத்து, வடக்கு தெற்காக ஒரு தடுப்புவரிசை என்று முடிவுகட்டினார். பழைய உளவுச் செயற்கைக்கோள் படங்களை அலசிய ஆய்வொன்று 2023-இல் மேலும் 396 கோட்டைகளைக் காட்டியது. அவை கிழக்கு மேற்காகப் பரந்துகிடக்கின்றன, வணிகச் சாத்துகள் போகும் திசையில். தோண்டிப் பார்த்துத்தான் காலத்தை உறுதிசெய்ய வேண்டும். ஆனாலும் அங்கேயும் வரப்புதான் தெரிகிறது எனக்கு.

ஒரே ஒரு வேண்டுகோள். அடுத்த ஞாயிறு மகளைக் கூட்டிக்கொண்டு நியூகாசிலில் மெட்ரோ ஏறி சவுத் ஷீல்ட்ஸ் போய் வாருங்கள். சுவர் அங்கே இல்லை, டைன் ஆற்றின் முகத்துவாரத்தைக் காத்த அர்பெயா கோட்டை இருக்கிறது. அதன் அருங்காட்சியகத்தில் ரெஜினா என்ற பெண்ணின் கல்லறைக்கல் இருக்கிறது. பிரம்பு நாற்காலியில் உட்கார்ந்திருக்கிறாள், கையில் நூற்கும் கோல், ஒரு பக்கம் கம்பளிப் பந்துக் கூடை, இன்னொரு பக்கம் நகைப்பெட்டி. முகம் சிதைந்துவிட்டது. தென் பிரிட்டனில் கட்டுவெல்லௌனி குலத்தில் பிறந்து, அடிமையாகி, சிரியப் பாலைவன நகரமான பல்மைராவிலிருந்து வந்த பராத்தேஸ் என்பவனால் விடுவிக்கப்பட்டு, அவனுக்கே மனைவியானவள். முப்பது வயதில் இறந்தாள். உருவத்துக்குக் கீழே லத்தீன் எழுத்து தடுமாறித் தடுமாறி ஓடுகிறது. அதற்குக் கீழே ஒரே ஒரு வரி, தடுமாற்றமே இல்லாமல், பல்மைரா எழுத்தில் வெட்டியிருக்கிறது. அந்த ஊரில் அதை வாசிக்கத் தெரிந்தவர்கள் எத்தனை பேர் இருந்திருப்பார்கள்? மகளுக்கு அதை இப்படிப் படித்துக் காட்டுங்கள்: பராத்தேஸின் விடுதலை பெற்ற ரெஜினா, ஐயோ.