பிரெஞ்சுப் புரட்சி அளவுக்கு ஹைட்டி புரட்சியும் முக்கியமா?

என்னைக் கேட்டால், அதைவிட முக்கியம். 1789-ல் பாரிஸ் ‘எல்லோரும் சமம்’ என்று அறிவித்தது. அந்த ‘எல்லோரில்’ அடிமைகள் இல்லை. கரீபியக் கடலில் இருக்கும் ஹைட்டி அப்போது பிரான்ஸின் சர்க்கரைக் காலனி. கரும்பு ஆலை உருளையில் கை சிக்கினால் வெட்டியெடுக்கப் பக்கத்திலேயே கோடரி வைத்திருப்பார்களாம். 1791 ஆகஸ்டில் அந்த அடிமைகள்தான் எழுந்தார்கள்.

தலைவர் தூசான் லூவெர்த்தூரைப் பிடித்துக்கொண்டுபோய், 1803-ல் பிரான்ஸின் மலைச் சிறையில் சாகவிட்டார்கள். போர் ஓயவில்லை. நெப்போலியன் அனுப்பிய படையை மஞ்சள் காய்ச்சலும் சேர்ந்து அழித்தது. வட அமெரிக்காவில் பிரான்ஸ் வசமிருந்த லூசியானா என்ற பெரும் நிலப்பரப்பை நெப்போலியன் அமெரிக்காவுக்கு விற்றதற்கு இதுவும் ஒரு காரணம். 1804 ஜனவரி 1-ல் விடுதலை.

எனக்கு மனசு ஆறாதது அதற்குப் பிறகு நடந்தது. 1825-ல் போர்க்கப்பல்களைக் கொண்டுவந்து நிறுத்தி, பறிபோன சொத்துக்கு ஈடாக 15 கோடி பிராங்க் கேட்டது பிரான்ஸ். அந்தச் சொத்துக் கணக்கில் விடுதலையான மனிதர்களும் அடக்கம்.